பலகையில் இருப்பது எந்தச் செட்டிநாடு?

செட்டிநாடு என்ற பெயரில் தமிழ்நாட்டில் மாவட்டம் இல்லை, வட்டம் இல்லை, சட்டமன்றத் தொகுதியும் இல்லை. ஆயினும் சிமெண்டு மூட்டையிலும் மசாலாப் பாக்கெட்டிலும், சேலையின் விலைச்சீட்டிலும் மருத்துவமனை வாயிலிலும், தில்லி உணவகத்தின் பட்டியலிலும் பெங்களூருக் கட்டடக் கலைஞரின் வரைபடத்திலும் அந்தப் பெயர் இருக்கிறது. ஆங்கில எழுத்துக்கு மாறும்போது கடைசி உகரம் உதிர்ந்து ‘செட்டிநாட்’ என்று நிற்கும் இச்சொல், அங்கே ஊரைக் குறிப்பதை விட்டு எந்தப் பொருளுக்கும் முன்னால் ஒட்டிக்கொள்ளும் அடைமொழியாகவே ஆகிவிட்டது. ஒவ்வொரு தொழிலும் அதற்கு வேறு பொருள் கொள்கிறது. அந்தப் பொருள்கள் எங்கிருந்து வந்தன, ஒவ்வொன்றுக்கும் பொறுப்பாளி யார் என்று பிரித்துப் பார்ப்பது காரைக்குடிப் பக்கம் வாழ்பவர்களுக்கே இப்போது தேவைப்படுகிறது.

முதலில் நிலத்தைப் பார்ப்போம். வடக்கே வெள்ளாறு, தெற்கே வைகை, மேற்கே பிரான்மலை, கிழக்கே கடல் என்று செட்டிநாட்டுக்கு எல்லை சொல்வது மரபு. இந்தப் பரப்புக்குள், நாட்டுக்கோட்டைச் செட்டியார்கள் எனப்படும் வணிகச் சமூகமான நகரத்தார் குடியிருந்த ஊர்கள் 96 என்பதும் மரபுக் கணக்குத்தான். இன்று எழுபத்துச் சொச்சம் ஊர்களே அந்தக் கணக்கில் வருகின்றன. விடுதலைக்கு முன்பு இவற்றில் சில ராமநாதபுரம், சிவகங்கை ஜமீன்களிலும், வேறு சில 1948 வரை தனி அரசாக இருந்த புதுக்கோட்டைச் சமஸ்தானத்திலும் கிடந்தன. 1974இல் புதுக்கோட்டை மாவட்டமும் 1985இல் சிவகங்கை மாவட்டமும் உருவானபோதும் இந்தப் பிரிவினை தொடர்ந்ததே அன்றி, செட்டிநாடு என்று ஒரு கோடு வரைபடத்தில் விழவில்லை. இளையாற்றங்குடி, மாத்தூர், வைரவன்கோயில், நேமம், இலுப்பைக்குடி, சூரக்குடி, வேலங்குடி, இரணியூர், பிள்ளையார்பட்டி ஆகிய ஒன்பது நகரக் கோயில்களும், அக்கோயில் பிரிவுகளை வைத்துச் செய்துகொள்ளும் திருமண உறவுகளுமே இந்த நாட்டை ஒரு நாடாகப் பிணைத்தவை. அரசன் வகுத்த எல்லையாக இல்லாமல் ஒரு சமூகம் தன் உறவுகளால் வகுத்துக்கொண்ட எல்லையாக இருப்பதால், பெயரும் அந்தச் சமூகத்தின் பெயராகவே அமைந்தது. இப்பரப்பில் வாழ்வோரில் நகரத்தார் சிறுபான்மையினர் என்பதை இந்த இடத்தில் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். பின்னால் அது முக்கியமாகப் போகிறது.

பேச்சுவழக்கில் இருந்த பெயர் அரசாங்க முத்திரை பெற்றது 1929இல். கானாடுகாத்தானைச் சேர்ந்த சர் அண்ணாமலை செட்டியாருக்கு ஆங்கிலேய அரசு ‘செட்டிநாட்டு ராஜா’ என்ற பரம்பரைப் பட்டத்தை வழங்கியது அந்த ஆண்டில்தான். சிதம்பரத்தில் அவர் பெயரால் பல்கலைக்கழகம் தோன்றியதும் அதே ஆண்டில்தான். கானாடுகாத்தானில் அவர் 1912இல் எழுப்பிய அரண்மனையும், அதற்கு அருகே செட்டிநாடு என்ற பெயருடனேயே உள்ள ஊரும் ரயில் நிலையமும் இந்தப் பட்டத்தின் நிழலில் அறியப்படுகின்றன. ஆக, ரயிலில் செட்டிநாட்டுக்குச் சீட்டு வாங்கும் ஒருவர் ஒரு சிற்றூருக்குத்தான் சீட்டு வாங்குகிறார்; அவர் பார்க்க நினைக்கும் செட்டிநாடோ அந்த நிலையத்திலிருந்து எல்லாத் திசையிலும் பரந்து கிடக்கிறது.

பட்டம் குடும்பத்துக்கு உரியதானபின் அக்குடும்பத்தின் நிறுவனங்களும் அதே பெயரைச் சூடிக்கொண்டன. 1962இல் தொடங்கிய செட்டிநாடு சிமெண்டின் முதல் ஆலை கரூருக்கு அருகே புலியூரில் இருக்கிறது. செட்டிநாடு வித்யாஷ்ரம் பள்ளி சென்னையில். செட்டிநாடு மருத்துவமனை கேளம்பாக்கத்தில். மூன்றும் செட்டிநாட்டு நிலத்துக்கு வெளியே உள்ளவை. இவற்றில் ‘செட்டிநாடு’ என்பது இடத்தையோ பாணியையோ குறிக்கவில்லை, ஒரு குடும்பத்தின் பட்டத்தைக் குறிக்கிறது. அதில் எந்த ஏமாற்றும் இல்லை. சிமெண்டு மூட்டையை வாங்குபவர் யாரும் அது காரைக்குடி மண்ணில் விளைந்தது என்று நினைப்பதில்லை. நேர்மாறாக, செட்டிநாட்டின் நடுவிலேயே எழுந்த பெரிய அமைப்புகள் இந்தப் பெயரைத் தொடவில்லை என்பது கவனிக்கத்தக்கது. கோட்டையூர் ராம. அழகப்பச் செட்டியார் காரைக்குடியில் வளர்த்த கல்லூரிகளின் மேல் 1985இல் அமைந்த பல்கலைக்கழகம் அழகப்பா பல்கலைக்கழகம். அவர் கொடுத்த நிலத்தில் 1948இல் அடிக்கல் நாட்டப்பட்ட ஆய்வகம் மத்திய மின்வேதியியல் ஆய்வகம். 1937இல் காரைக்குடியிலும் சென்னையிலும் ரங்கூனிலும் ஒரே நாளில் கதவு திறந்த வங்கிக்குக் கானாடுகாத்தான் எம்.சி.டி.எம். சிதம்பரம் செட்டியார் வைத்த பெயர் இந்தியன் ஓவர்சீஸ் வங்கி.

இது தற்செயல் என்று நான் நினைக்கவில்லை. நகரத்தாருக்குத் தொழிலில் அடையாளம் காட்ட வேறு முறை இருந்தது; அதற்கு விலாசம் என்று பெயர். பாட்டன், தந்தை, சில வேளைகளில் பங்காளி ஆகியோர் பெயர்களின் முதலெழுத்துகளை வரிசையாகக் கோத்து ஒரு கடைக்கு, ஒரு வீட்டுக்கு அடையாளமாக்குவார்கள். தமிழில் எழுதும்போது அது ஒற்றை எழுத்தாகவும் நிற்காது, ராம., சித., லெ., அரு., மெய்., சுப. என்று பெயரின் ஒரு துண்டாகவே நிற்கும். ராய. சொக்கலிங்கம், வ.சுப. மாணிக்கம், சோம. லெ. என்ற பெயர்களைப் பார்த்த மாத்திரத்தில் ‘செட்டிநாட்டுப் பக்கத்தார்’ என்று தமிழ் வாசகர் ஊகித்துவிடுவது இதனால்தான். ரங்கூனிலோ பினாங்கிலோ ஒரு உண்டியலில், அதாவது பணம் கொடுக்கச் சொல்லும் வணிகச் சீட்டில், எழுதப்பட்ட விலாசம், எந்த ஊர், எந்த வீடு, யார் பொறுப்பு என்பதை மறு முனையில் இருப்பவருக்குத் தெளிவாகச் சொல்லிவிடும். பணம் வராவிட்டால் எந்த வாசலில் போய் நிற்க வேண்டும் என்பது அந்த நான்கைந்து எழுத்துகளுக்குள் அடங்கியிருந்தது. தனக்கென்று விலாசம் உள்ளவருக்கு நாட்டின் பெயரைப் பலகையில் எழுதவேண்டிய தேவை எழவில்லை. ‘செட்டிநாடு’ பலகைக்கு ஏறியது, பெரும்பாலும், விலாசத்தால் பயன் இல்லாத சந்தைகளில்தான். முகம் தெரியாத வாடிக்கையாளருக்கு முகம் தெரியாத ஒருவர் விற்கும் இடங்களில்.

அவற்றில் தலையாயது சாப்பாடு. சென்னையில் 1954இல் தொடங்கிய பொன்னுசாமி உணவகமும் 1964இல் தொடங்கிய அஞ்சப்பரும் போன்ற கடைகளின் வழியே நகரத்து நாக்குக்குச் செட்டிநாட்டுச் சமையல் அறிமுகமாயிற்று. நகரங்களில் அப்போது கடைப் பலகையின் முதற்கடமை சைவமா அசைவமா என்று சொல்வதாக இருந்தது. ‘உடுப்பி’ என்றால் சைவம்; ‘முனியாண்டி விலாஸ்’ என்றால் அசைவம். ‘செட்டிநாடு’ அந்த வரிசையில் சேர்ந்து, அசைவம் கிடைக்கும், காரசாரமாகக் கிடைக்கும் என்ற பொருளைப் பெற்றது. இன்று கோயம்புத்தூரிலோ ஓசூரிலோ ‘செட்டிநாடு மெஸ்’ நடத்துபவர் செட்டிநாட்டுக்காரராக இருக்க வேண்டும் என்று எவரும் எதிர்பார்ப்பதில்லை. முனியாண்டி விலாஸ் பெயர் இந்த வகையில் வேறுபட்டது என்பதையும் சொல்ல வேண்டும். மதுரை மாவட்டத்து வடக்கம்பட்டி முனியாண்டி கோயிலோடு அந்தக் கடைக்காரர்களுக்கு இருக்கும் தொடர்பு இன்றும் அறுபடவில்லை. ஆண்டுதோறும் அங்கே கூடிப் பிரியாணி சமைத்துப் படைக்கிறார்கள். அந்தப் பெயருக்குப் பின்னால் ஒரு சாமியும் ஓர் ஊரும் இருக்கின்றன. செட்டிநாடு மெஸ்ஸுக்குப் பின்னால் அப்படி ஒன்றும் இல்லை.

முரண் என்னவென்றால், நகரத்தார் சைவ மரபினர். இன்றும் அவர்கள் வீட்டுத் திருமணப் பந்தியில் இலையில் விழுவது மரக்கறிச் சாப்பாடுதான். அசைவம் இச்சமையலில் உண்டு, சுவையாகவும் உண்டு. ஆனால் அது சமையலின் ஒரு பகுதி மட்டுமே. கத்தரிக்காய் கோசமல்லி, வெண்டைக்காய் மண்டி, தண்ணிக்குழம்பு, கும்மாயம், கந்தரப்பம், வெள்ளைப் பணியாரம், பால் பணியாரம், சீப்புச்சீடை ஆகியவற்றை விட்டுவிட்டுச் செட்டிநாட்டுச் சமையலைப் பேச முடியாது. அரிசி களைந்த நீரில் புளியும் காயும் சேர்த்துச் செய்யும் மண்டியில் அரைத்த மசாலா இல்லை; உணவகப் பட்டியலில் அதற்கு இடமும் பெரும்பாலும் இல்லை. கடல் கடந்து போய்வந்தவர்கள் கொண்டுவந்து சேர்த்த கவுனி அரிசி, தேங்காயும் சர்க்கரையும் கலந்து இனிப்பாகி விருந்துக்கு வருகிறது. அந்தக் கருஞ்சிவப்பு இனிப்பைச் ‘செட்டிநாட்’ என்ற சொல்லோடு தில்லி உணவகம் இணைத்துப் பார்க்காது.

சிக்கனிலேயே நின்றாலும் பொருள் தேய்ந்துதான் இருக்கிறது. மிளகு, சோம்பு, அன்னாசிப்பூ, மராட்டி மொக்கு, கல்பாசி ஆகியவற்றை வறுத்து அம்மியில் தேங்காயோடு அரைப்பதில்தான் இதன் மணம் இருக்கிறது. கல்பாசி பாறையிலும் மரத்திலும் படரும், பாசியும் பூஞ்சையும் சேர்ந்த ஓர் உயிரி; தனியே முகர்ந்தால் மண்வாசனையைத் தவிர ஒன்றும் தெரியாது, எண்ணெயில் விழுந்ததும் குழம்பின் குணமே மாறிவிடும். வறுத்தரைக்க நேரம் பிடிக்கும், மசாலா அன்றன்றைக்கு அரைக்கப்பட வேண்டும். பெரிய உணவகத்துக்கு இரண்டும் ஒத்துவராது. அதனால் வெங்காயம் தக்காளி அரைத்த பொதுக் குழம்பில் மிளகுத் தூளும் மிளகாய்த் தூளும் கூட்டி, மேலே கறிவேப்பிலை தூவிச் ‘செட்டிநாட் சிக்கன்’ ஆக்கிவிடுகிறார்கள்; சில இடங்களில் பாலாடையும் சேர்கிறது. பாலாடை சேர்ந்த செட்டிநாட்டுக் குழம்பைப் பற்றிக் காரைக்குடிச் சமையல்காரர் ஒருவரிடம் கருத்துக் கேட்பது நாகரிகமாகாது. சமையல் எங்கும் மாறிக்கொண்டே இருப்பதுதான், அதில் எனக்கு வழக்கு இல்லை. காரத்தின் அளவைச் சொல்லும் சொல்லாக ஒரு நாட்டின் பெயர் சுருங்கிப்போனதுதான் இழப்பு. இந்தச் சமையலில் மணம் மிகுதி, காரம் மட்டானது என்று இங்குள்ளவர்கள் எத்தனை முறை சொன்னாலும் பலகை எதிர்மாறாகச் சொல்லிக்கொண்டே இருக்கிறது.

சேலையில் கதை சற்று வேறு. காரைக்குடித் தறிகளில் நெய்யப்படும் கண்டாங்கி, தடித்த பருத்தி நூலும் பெரிய கட்டங்களும் கோடுகளும் அகலக் கரையும் அரக்கு, மஞ்சள், கறுப்பு போன்ற அழுத்தமான நிறங்களும் கொண்டது. சென்னை, மும்பைக் கடைகளில் அது ‘செட்டிநாட் காட்டன்’ என்று விற்கப்படுகிறது. அதே பெயரில், அதே கட்டங்களைக் கொண்டு, விசைத்தறியில் வேறு ஊர்களில் நெய்த மெல்லிய சேலைகளும் விற்கப்படுகின்றன. 2019இல் புவிசார் குறியீடு பெற்றபோது பதிவான பெயர் ‘கண்டாங்கிச் சேலை’ என்பதே. இது சரியான தேர்வு என்பது என் எண்ணம். கண்டாங்கி என்பது நெய்பவருக்கும் கட்டுபவருக்கும் பொதுவான சொல்; செட்டிநாட் காட்டன் என்பது விற்பவருடைய சொல்.

மூன்றாவதாக, தரைக்கல். ஆத்தங்குடியில் செய்யப்படும் பூக்கல்லைச் சூளையில் சுடுவதில்லை. சட்டத்துக்குள் கண்ணாடித் தகட்டை வைத்து, அதன்மேல் உலோக அச்சைப் பொருத்தி, ஒவ்வொரு அறையிலும் நிறம் கலந்த சிமெண்டுக் குழம்பை ஊற்றி, அச்சை எடுத்துவிட்டு, உலர் கலவையைத் தூவி, பின்பக்கம் மணலும் சிமெண்டும் சேர்ந்த சாந்தை அப்பி அழுத்துகிறார்கள். பிறகு நாள்கணக்கில் தண்ணீரில் ஊறவைத்து உலர்த்துகிறார்கள். கண்ணாடியில் பட்ட முகம் அதனாலேயே வழவழப்பாகிறது. பளபளப்பு ஆண்டுக்கணக்கில் கால் பட்டுப்பட்டு வருவது. இதையும் பெருநகரக் கட்டடக் கலைஞர்கள் ‘செட்டிநாட் டைல்ஸ்’ என்கிறார்கள். ஆத்தங்குடி என்ற ஊர்ப்பெயர் நல்லவேளையாக அதைவிட உரத்து ஒலிப்பதால், இங்கே பெயர் இன்னும் செய்பவர் கையில்தான் இருக்கிறது.

இந்த மூன்றையும் சேர்த்துப் பார்த்தால் இச்சொல்லின் இயல்பு விளங்கும். சேலையை நெய்தவர்கள் நெசவாளர்கள். கல்லை வார்த்தவர்கள் ஆத்தங்குடித் தொழிலாளர்கள். தூணைச் செதுக்கியவர்கள் தச்சர்கள், கண்ணாடிபோல் மின்னும் சுவரைப் பூசியவர்கள் கொத்தனார்கள், பெரிய வீட்டு அடுப்படியில் விருந்து சமைத்தவர்கள் பெரும்பாலும் அப்பகுதிச் சமையல்காரர்கள். நகரத்தார் இவற்றை விரும்பிக் கேட்டு, விலை கொடுத்து, தங்கள் ரசனையால் வடிவம் கொடுத்தவர்கள். அந்தப் பங்கு சிறியது இல்லை. ஆனாலும் ‘செட்டிநாடு’ என்ற முத்திரை வாங்கியவரின் பெயரால் அமைந்தது, செய்தவரின் பெயரால் அமையவில்லை. காஞ்சிபுரம் பட்டு என்றால் அது நெய்யும் ஊர். பத்தமடைப் பாய் என்றால் அது முடையும் ஊர். செட்டிநாட் காட்டன் என்பதில் நெசவாளர் எங்கே இருக்கிறார் என்று தேட வேண்டியிருக்கிறது.

இதற்கு அழகான விதிவிலக்கு ஒன்று உண்டு. பனையோலையில் முடைந்து, மேலே குரோஷாப் பின்னலும் மணியும் வைத்து, திருமணச் சீருக்கும் சடங்குக்கும் பயன்படும் கொட்டான்கள் ‘செட்டிநாடு கொட்டான்’ என்ற பெயரிலேயே புவிசார் குறியீடு பெற்றிருக்கின்றன. இவற்றை அந்நாளில் முடைந்தவர்கள் நகரத்தார் வீட்டுப் பெண்களான ஆச்சிமார்களே. வழக்கொழிய இருந்த இக்கலையை எம்.ஆர்.எம்.ஆர்.எம். பண்பாட்டு அறக்கட்டளை மீட்டெடுத்து, சுற்று வட்டார ஊர்ப் பெண்களுக்குப் பயிற்சி கொடுத்து, மறுபடி சந்தைக்குக் கொண்டுவந்தது. பெயரும் கையும் ஒன்றாக இருந்த பொருளுக்கே பெயர் சட்டப்படி பதிவாயிற்று என்பது திட்டமிட்டு நடந்ததாக இராது. ஆனாலும் பொருத்தமாக இருக்கிறது.

வீடுகளின் விஷயத்தில் சொல் இன்னும் விசித்திரமாக வேலை செய்கிறது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியிலிருந்து 1930கள் வரை பர்மாத் தேக்கும் இத்தாலியச் சலவைக்கல்லும் ஜப்பான் ஓடுகளும் கொண்டு எழுந்த வீடுகள் அவை. முட்டை வெள்ளைக்கருவும் கடுக்காயும் சேர்த்து அரைத்த சுண்ணாம்புப் பூச்சு இன்று ‘செட்டிநாட் பிளாஸ்டர்’ என்ற பெயரில் புதுக் கட்டடங்களுக்குக் கேட்கப்படுகிறது. இந்த வீடுகளுக்குப் பணம் தந்த வட்டித் தொழில் பெரிதும் நடந்த பர்மாவில், முதன்மையான 13 நெல் மாவட்டங்களில் செட்டியார்களிடம் இருந்த நிலம், கடன் திரும்பாமல் அடகு மூழ்கியதால், 1930இல் இருந்த சுமார் 6 விழுக்காட்டிலிருந்து 1937க்குள் சுமார் 25 விழுக்காடாகப் பெருகியது. விற்றுக் காசாக்க முடியாத நிலம் அது. 1942இல் ஜப்பானியப் படையெடுப்பு வந்தது, பிறகு பர்மாவின் நிலவுடைமைச் சட்டங்கள் வந்தன. வருமானம் அற்றுப்போய், பங்காளிகள் பெருகி, பராமரிக்க ஆளில்லாத வீடுகள் பிரிக்கப்பட்டன. பிரித்த தூணும் நிலையும் கதவும் காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருக் கடைகளுக்கு வந்து, அங்கிருந்து ‘செட்டிநாட் பில்லர்’, ‘செட்டிநாட் டோர்’ என்று புறப்பட்டுப் போயின. ஒரு வீடு இடிந்த பிறகுதான் அதன் உறுப்புகளுக்கு இந்த முத்திரை விழுகிறது என்பதை விற்பவரும் வாங்குபவரும் பேசுவதில்லை. முட்டுக்காட்டுத் தட்சிணசித்திரா அருங்காட்சியகத்தில் பெயர்த்துவைக்கப்பட்டுள்ள செட்டிநாட்டு வீடு போல முழுதாகக் காக்கப்பட்டவை மிகச் சில.

நின்ற வீடுகளில் சில, 1990களின் இறுதியிலிருந்து, தங்கும் விடுதிகளாயின. அங்கே ஆங்கிலத்தில் ‘செட்டிநாட் மேன்ஷன்’ என்ற தொடர் பிறந்தது. இங்கே முகப்பு, வளவு, இரண்டாங்கட்டு என்று கட்டுக்குக் கட்டுப் பெயர் உண்டு. முழுமைக்கும் சேர்த்து வீடு என்பதுதான் பெயர், மிஞ்சினால் பெரிய வீடு. சென்னையில் வேலை பார்த்த எந்தத் தமிழருக்கும் மேன்ஷன் என்றால் திருவல்லிக்கேணியில் மூன்று பேர் பங்கிட்டுக்கொள்ளும் ஓர் அறைதான் நினைவுக்கு வரும். விளம்பரம் அவரை நோக்கி எழுதப்படவில்லை என்பது இதிலிருந்தே தெரிகிறது. 2014இல் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியச் சின்னங்களுக்கான உத்தேசப் பட்டியலுக்கு இந்தியா அனுப்பிய முன்மொழிவு, தனி வீடுகளைப் பேசாமல், தமிழ் வணிகர்களின் ஊர்த்தொகுதிகள் என்று ஊருணி, கோயில், தெரு அமைப்பு அனைத்தையும் சேர்த்துப் பேசுகிறது. ‘செட்டிநாடு’ என்ற சொல்லை அண்மைக் காலத்தில் அதன் முழு அகலத்தோடு பயன்படுத்திய ஆவணம் அதுவாகத்தான் இருக்கும்.

அப்படியானால் இந்தப் பெயரை யார் தடுக்கலாம், யார் உரிமை கொண்டாடலாம்? இடத்தையோ வகையையோ குறிக்கும் சொல்லை மட்டும் வைத்து ஒருவர் வணிகச் சின்னம் பதிவுசெய்ய 1999ஆம் ஆண்டின் வணிகச் சின்னச் சட்டம் பொதுவாக இடம் தருவதில்லை. நெடுங்கால வழக்கால் அச்சொல் குறிப்பிட்ட ஒரு நிறுவனத்தையே சுட்டும் நிலை வந்திருந்தால்தான் விலக்கு. சிமெண்டுத் தொழிலில் ஒரு பெயர் அந்த நிலையை எட்டலாம். உணவில் அது கடினம். அங்கே அச்சொல் சமையல் வகையைச் சொல்லும் சொல்லாகப் பரவிவிட்டது, வகையைச் சொல்வதற்காக அதைப் பயன்படுத்துபவரைச் சட்டம் தடுப்பதும் இல்லை. பெயர்பெற்ற உணவகங்கள் ‘அஞ்சப்பர்’ போல ஒரு மனிதரின் பெயரைத் தலைப்பாக்கி, செட்டிநாட்டை அதற்கு அடுத்த அடைமொழியாக வைப்பதன் காரணமும் இதில் பாதி இருக்கிறது. ஒரு வகையில் அது பழைய விலாசத்துக்கே திரும்புவதுதான்.

புவிசார் குறியீட்டுச் சட்டமும் பொதுச்சொல்லாகிவிட்ட பெயரைப் பதிவுசெய்யாது. ஆனால் ஊரும் செய்முறையும் திட்டமாகத் தெரிந்த தின்பண்டங்களுக்கு அது வழி விட்டிருக்கிறது: பழனி பஞ்சாமிர்தமும் ஸ்ரீவில்லிபுத்தூர் பால்கோவாவும் 2019இலும், கோவில்பட்டி கடலைமிட்டாய் 2020இலும் பதிவாயின. காரைக்குடிப் பக்கத்துப் பலகாரக்காரர்கள் ‘செட்டிநாட்டு உணவு’ என்ற மொத்தப் பெயருக்கு உரிமை கோரப் போவது வீண்வேலை. கந்தரப்பத்துக்கோ சீப்புச்சீடைக்கோ மனகோலத்துக்கோ, செய்பவர்கள் ஒரு சங்கமாகச் சேர்ந்து, செய்முறையை எழுதி, எந்தெந்த ஊர்களில் செய்யப்படுகிறது என்று எல்லை வகுத்து விண்ணப்பிக்கலாம். பதிவு பத்து ஆண்டுகளுக்குச் செல்லும், புதுப்பித்துக்கொண்டே போகலாம், அங்கீகாரம் பெற்ற உற்பத்தியாளர்களின் பெயர்கள் பதிவேட்டில் தனித்தனியே ஏறும். விண்ணப்பத்தைப் பெறும் பதிவகம் சென்னை கிண்டியில்தான் இருக்கிறது.